இன்று மழைக்கு வாய்ப்பில்லை

காலை பதினொன்று பத்துக்கு மேற்கு வானம் செயலாளரின் பேச்சைக் கேட்காமல் போயிற்று.

பால்கனியில் நின்று பல் குத்திக்கொண்டிருந்தவர் குச்சியை அப்படியே நிறுத்தினார். எதிர்க் கட்டடத்துத் தண்ணீர்த் தொட்டிகளுக்குப் பின்னால், அடிப்பிடித்த பாத்திரத்தின் அடிபோல ஒரு கறுப்புத் திட்டு. அவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது பக்கத்துத் திட்டைக் கூட்டணியில் சேர்த்துக்கொண்டது.

கீழே நுழைவாயில் சுவரில், மணி மணியான அவருடைய கையெழுத்தில், காலை ஆறரைக்கு எழுதிய வாசகம் கரும்பலகையில் இருந்தது:

"இன்று மழைக்கு வாய்ப்பில்லை. குடியிருப்போர் கவலையின்றித் தத்தம் அலுவல்களைக் கவனிக்கலாம். இப்படிக்கு, செயலாளர்."

நான்கு மாடி, பதினாறு வீடு. அதன் குடியிருப்போர் சங்கத்துக்கு அவர் செயலாளர். ஏழு வருடங்களுக்கு முன் நடந்த கூட்டத்தில் 'யார் செய்யறீங்க?' என்று கேட்டபோது மற்றவர்களெல்லாம் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தார்கள். இவர் மட்டும் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். 'ஏகமனதாகத் தேர்ந்தெடுக்கப்பட்ட' என்ற சொற்றொடரை அன்று முதல் தன் பெயருக்கு முன்னால் அச்சடித்துக்கொண்டார்.

பதவிக்கு வந்த முதல் வாரமே அவர் கட்டடத்துக்குச் செய்த தொண்டுதான் அந்தக் கரும்பலகை. தினமும் விடியற்காலை ஜன்னல் வழியாக உள்ளங்கையை நீட்டிக் காற்றின் ஈரத்தைப் பார்ப்பார். பிறகு மூக்கால் இரண்டு முறை இழுப்பார். கடைசியாக இடது முட்டியை மடக்கி நீட்டுவார். கைக்கும் மூக்குக்கும் கருத்து வேற்றுமை வந்தால் முட்டியின் தீர்ப்பே இறுதி. ஆறரைக்குப் பலகையில் எழுதிவிட்டு, ஏழே முக்காலுக்குப் பஸ் பிடித்து, நகரத்தின் மறுகோடியில் இருக்கும் அலுவலகத்துக்குப் போய்விடுவார். அங்கே அவர் பழைய ஆவணங்கள் அடுக்கிய அறைக்குத் தலைமை எழுத்தர். அந்த அறைக்கு ஜன்னல் கிடையாது. திரும்பி வரும்போது தெருவிளக்கு எரியும். ஞாயிற்றுக்கிழமைகளிலும் அரசு விடுமுறைகளிலும் பலகைக்கும் விடுமுறை. அந்த நாட்களில் மழை தன் இஷ்டப்படி நடந்துகொள்ளலாம்.

எழுதியது பலித்ததா என்று அவர் தேடிப்போய்ப் பார்த்ததில்லை. அதற்கு அவசியமும் இருக்கவில்லை. பலகைக்குக் கீழே, கயிற்றில் பென்சில் கட்டிய ஒரு புகார்ப் புத்தகம் தொங்கியது. ஏழு வருடத்தில் அதில் பதிவானது ஒரே ஒரு பூனைப் படம். பலகையை நம்பித் துணி நனைந்தது என்று ஒருவர்கூட ஒரு வரி எழுதியதில்லை. இதைவிட என்ன அத்தாட்சி வேண்டும் என்று அவர் மனைவியிடம் அவ்வப்போது கேட்பார். மனைவி, "யாரும் ஒண்ணும் சொல்லலையே" என்பாள்.

வேறொரு நாளாக இருந்தால் அந்தக் கறுப்புத் திட்டு அவருக்குத் தெரியாமலே வந்து போயிருக்கும். இன்று அவர் விடுப்பு எடுத்திருந்தார். மாலை ஐந்து மணிக்குச் சங்கத்தின் ஆண்டுக் கூட்டம். ஒரே ஒரு தீர்மானம்.

ஆறு மாதத்துக்கு முன் மூன்றாம் மாடிக்குக் குடிவந்த இளைஞன், எந்த நேரமும் உள்ளங்கையில் போனோடு இருப்பதால் போன்காரன் என்று பெயர் பெற்றவன், ஒரு மனு கொடுத்திருந்தான். கரும்பலகையை எடுத்துவிட்டு, போனில் வருகிற வானிலையைத் தானாகவே காட்டும் ஒரு திரையை மாட்டலாமாம். செயலாளர் அவனைப் படிக்கட்டில் நிறுத்தி, உன் போன் இன்றைக்கு என்ன சொல்கிறது என்று கேட்டார். மழைக்கு அறுபது சதவீதம் என்றான். "அப்ப குடையை அறுபது சதவீதம் விரிச்சுக்கிட்டுப் போவீங்களா தம்பி?" என்றார். அந்த வாக்கியத்தை அன்று அலுவலகத்தில் ஆறு பேரிடம் சொன்னார்.

ஆனாலும் தேர்தல் தேர்தல்தான். போன வாரம் முழுக்க அவர் வீடு வீடாக ஏறி ஆதரவு கேட்டார். கிடைத்த வரவேற்பில் அவருக்கே கூச்சமாகிவிட்டது. இரண்டாம் மாடியில் இருக்கும் ஓய்வு பெற்ற கணக்கு வாத்தியார் அவர் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்: "போன் ஒரு நாள் சரியாச் சொல்லுது, ஒரு நாள் தப்பாச் சொல்லுது. அதை வச்சுக்கிட்டு என்ன பண்றது? உங்க பலகை அப்படியா? ஏழு வருஷமா ஒரே சீர்."

தரைத்தளத்தில் தையல் கடை வைத்திருக்கும் அம்மாள், பலகையைப் பார்க்காமல் ஒரு கைக்குட்டையைக்கூட நனைப்பதில்லை என்றாள்.

இதையெல்லாம் செயலாளர் மனைவியிடம் நான்கு முறை சொன்னார். நாலாவது தடவை அவள் தூங்கிப்போயிருந்தாள்.

பதினாறில் பதின்மூன்று கை நிச்சயம் என்பது அவர் கணக்கு. இப்போது அந்தப் பதின்மூன்று கைக்கும் மேலே கறுப்பாக ஒன்று வந்துகொண்டிருந்தது. 'வாய்ப்பில்லை' என்று எழுதியிருக்கும் பலகைக்கு முன்னால் கூட்டம் நனைந்துகொண்டு நின்றால் என்ன ஆகும் என்று யோசித்தார். முட்டியைத் தடவிப் பார்த்தார். அது சொரணையில்லாமல் கிடந்தது.

பலகையைத் திருத்திவிட வேண்டியதுதான். யாரும் பார்ப்பதற்குள்.

ஹாலில் மனைவி குறுக்காகக் கயிறு கட்டி ஈரத்துணியைக் காயப் போட்டுக்கொண்டிருந்தாள். தலையில் துண்டு இடித்தது.

"மொட்டை மாடியில போட்டா என்ன? அதான் எழுதியிருக்கேனே."

"காலையிலேயே பார்த்துட்டேன்" என்றாள் மனைவி, கிளிப்பை வாயில் கவ்விக்கொண்டே.

மாடிப்படி ஏறச் சோம்பல் என்று செயலாளர் முடிவு செய்தார். சாக்பீஸை எடுத்துச் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டு படியிறங்கினார்.

கீழே வாட்ச்மேன், கூட்டத்துக்காக வாடகைக்கு வந்த பிளாஸ்டிக் நாற்காலிகளைக் கார் ஷெட்டுக்குள் அடுக்கிக்கொண்டிருந்தார். அவர் முதுகைத் திருப்பும்வரை செயலாளர் புகார்ப் புத்தகத்துப் பூனையை ரசித்தார். பிறகு உள்ளங்கையால் ஒரே தேய்ப்பு. 'வாய்ப்பில்லை' போய் 'வாய்ப்புண்டு' வந்தது. 'கவலையின்றி' போய் 'கவனத்துடன்' வந்தது. மனசாட்சி லேசாக உறுத்தியது. இது திருத்தமல்ல, மேம்பாடு என்று அதற்கு எடுத்துச் சொன்னார்.

"மாத்திட்டீங்களா சார்?" என்றது முதுகுக்குப் பின்னால் ஒரு குரல்.

"மாத்தல. புதுப்பிச்சிருக்கேன். நீ யார்கிட்டேயும் போய்ச் சொல்லிட்டிருக்காதே. பார்க்கிறவங்க பார்த்துக்கட்டும்."

வாட்ச்மேன் பலகையைப் பார்த்தார், வானத்தைப் பார்த்தார், செயலாளரைப் பார்த்தார். "நீங்க சொன்னா சரி சார்" என்றார். பதினைந்து வருடமாகக் கேட்டைத் திறந்து மூடி வாழ்கிறவர். ஒருவர் சொன்னதை மறுத்துப் பேசிப் பழக்கமில்லை.

செயலாளர் நிம்மதியாக மேலே ஏறினார். அந்த நிம்மதி கால் மணி நேரம் இருந்தது.

படிக்கட்டில் செருப்புச் சத்தம் கேட்டுக் கதவைத் திறந்தால், தையல்கார அம்மாள் இடுப்பில் ஒரு பெரிய பேசினோடு மூச்சு வாங்கிக்கொண்டு ஏறி வருகிறாள். பேசின் நிறைய ஈரமான வெள்ளைத் திரைச்சீலைகள். தெரு முனையில் இருக்கும் பல் மருத்துவருடைய கிளினிக்குக்கு ஆறு ஜன்னல். ஆறு ஜன்னலுக்கும் நாளைக் காலையில் மாட்டிக் கொடுப்பதாக ஒப்பந்தம்.

செயலாளர் பேசினை எட்டிப் பார்த்தார். பாவம், காலையில் எழுதியதைப் பார்த்துவிட்டு நனைத்திருக்கிறாள்.

"பலகையைப் பார்த்தீங்களாம்மா?" என்றார் மெதுவாக.

"பார்க்காம வருவேனா சார்? பார்த்துட்டுத்தானே அலசவே ஆரம்பிச்சேன்."

"இல்ல, வானம் ஒரு மாதிரி இருக்கேன்னு..."

"வானம் கிடக்குது சார். அது நினைச்சா கறுக்கும், நினைச்சா வெளுக்கும். நீங்க எழுதிட்டீங்கல்ல, அது போதும் எனக்கு."

 கண்ணுக்கு நேரே தெரிகிற வானத்தை ஒதுக்கிவிட்டுத் தன் எழுத்தை நம்பும் ஒரு பெண்மணியிடம், அம்மா நான் அதை அழித்துவிட்டு வேறு எழுதிவிட்டேன் என்று எந்த வாயால் சொல்வது? சொன்னால் அவளுடைய கை மட்டுமா போகும், அவள் கடையில் பட்டன் தைக்க வருகிற அத்தனை வீட்டுக் கையும் போகும். பேசினுக்கு வழிவிட்டு ஒதுங்கி நின்றார்.

கோளாறு எழுத்தின் அளவில்தான் என்று உட்கார்ந்து யோசித்ததில் புரிந்தது. புதிதாக எழுதியது போதிய அளவுக்குக் கண்ணில் படவில்லை. மறுபடி இறங்கினார். பலகை முழுவதையும் துடைத்தார். மஞ்சள் சாக்பீஸால், ஒவ்வொரு எழுத்தும் உள்ளங்கை அகலத்துக்கு, "இன்று மழை நிச்சயம்" என்று எழுதி அடியில் இரண்டு கோடு இழுத்தார். தெருவில் போன ஒரு சைக்கிள்காரர்கூட நின்று படித்துவிட்டு வேகமாக மிதித்துப் போனார்.

பத்து நிமிடம் கழித்து வாத்தியார் தலையில் ஒரு மெத்தையோடு படியேறினார். பின்னால் அவருடைய மனைவி, இரண்டு கையிலும் தலையணைகள்.

"சார், எங்கே போறீங்க?" என்று செயலாளர் வழிமறித்தார்.

மெத்தைக்குக் கீழேயிருந்து வாத்தியாரின் குரல் வந்தது. "மெத்தை ரொம்ப நாளா ஈரவாடை அடிக்குது. நீங்க பெரிசா எழுதியிருந்தீங்களா, கண்ணாடி இல்லாமலே படிச்சிட்டேன். ரொம்ப உபகாரம்."

கண்ணாடி இல்லாமல். செயலாளருக்கு எல்லாம் விளங்கிவிட்டது. எழுபது வயதுக் கண் 'நிச்சயம்' என்பதை எப்படியெல்லாம் படித்ததோ. எழுத்தை நம்பிப் பயனில்லை. காதில் போட வேண்டும்.

வாட்ச்மேனைக் கூப்பிட்டு, பதினாறு வீட்டுக் கதவையும் தட்டி, 'பலத்த மழை வரப்போகிறது என்று செயலாளரே சொல்கிறார்' என்று சொல்லிவிட்டு வரச் சொன்னார். ஒரு வார்த்தை கூடவோ குறையவோ கூடாது. 'செயலாளரே' என்பதில் அந்த ஏகாரம் முக்கியம் என்று இரண்டு முறை சொல்லிப் பழக்கினார்.

வாட்ச்மேன் அரை மணியில் வேர்க்க விறுவிறுக்கத் திரும்பி வந்தார்.

"சொன்னியா?"

"சொன்னேன் சார். பலத்த மழைன்னு செயலாளரே சொல்றாருன்னு."

"என்ன சொன்னாங்க?"

"ரொம்ப சந்தோஷம்னாங்க சார்."

இந்தப் புழுக்கத்தில் மழை என்றால் யாருக்குத்தான் சந்தோஷம் இருக்காது. செயலாளர் தலையை ஆட்டிக்கொண்டார். ஆனால் அந்தச் சந்தோஷம் போன திசைதான் சரியில்லை. கதவுகள் ஒவ்வொன்றாகத் திறந்தன. போர்வைகள் வெளியே வந்தன. கம்பளங்கள், சோபா உறைகள், பள்ளிக்கூடப் பைகள், ஷூக்கள் வந்தன. முதல் மாடிக் குழந்தையின் பஞ்சு யானை, குளிப்பாட்டப்பட்டு, தும்பிக்கையில் தண்ணீர் சொட்டச் சொட்ட மேலே போயிற்று. எல்லாவற்றுக்கும் கடைசியாக, கார் ஷெட்டில் இருந்த நாற்காலிகளும் நாலு நாலாக வாட்ச்மேனின் தோளில் ஏறிப் படிக்கட்டில் போவதைச் செயலாளர் கண்டார்.

"இதை எங்கேப்பா கொண்டு போறே?"

"கூட்டத்தை மொட்டை மாடியிலேயே காத்தாட வச்சுக்கலாம்னு வாத்தியார் சொல்லிட்டார் சார்."

எதிர்த் திசையில் இறங்கி வந்தது ஒரே ஒரு ஜீவன். போன்காரன். இரண்டு ஜீன்ஸும் ஒரு துண்டும் தோளில். "சார், எனக்கு இப்போ எண்பது சதவீதம் காட்டுது. உங்க பலகையிலயும் நிச்சயம்னு போட்டிருக்கீங்க. அதான் எடுத்துட்டேன்" என்றான்.

கட்டடத்திலேயே தன் எழுத்தைப் படித்து அதன்படி நடந்தவன் தன் எதிரி ஒருவன்தான் என்பது செயலாளருக்கு எங்கேயோ குத்தியது. என்றாலும் யோசிக்க நேரமில்லை. மணி நாலு. கறுப்பு இப்போது தண்ணீர்த் தொட்டிகளைத் தாண்டித் தெருவுக்கு வந்துவிட்டது. பகலிலேயே கடைகளில் விளக்குப் போட்டார்கள். காகிதக் குப்பைகள் சாலையில் ஓட்டப் பந்தயம் நடத்தின.

எழுதியாயிற்று, சொல்லியாயிற்று. இனி செய்வது ஒன்றுதான் பாக்கி. பதினாறு வீட்டுத் துணியையும் தானே எடுத்துவிடுவது. மழை வந்த பிறகு மக்கள் பதறியடித்து மேலே வந்து பார்க்கையில், அவரவர் துணி மடிப்புக் கலையாமல் படிக்கட்டில் இருக்கும். செயலாளர் முன்கூட்டியே அறிந்து காப்பாற்றினார் என்று தெரியும். அந்தக் காட்சி அவருக்கு மிகவும் பிடித்திருந்தது. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஏறினார்.

மொட்டை மாடி பாய் விரித்த கப்பல்போல இருந்தது. ஆறு திரைச்சீலையும் காற்றில் புடைத்து நின்றன. செயலாளர் முதல் கயிற்றில் ஆரம்பித்தார். கிளிப்புகளைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டார். பை நிறைந்ததும் வாயில் கவ்விக்கொண்டார். தோளில் ஏழு போர்வை, கழுத்தில் சோபா உறை, கக்கத்தில் யானை. திரைச்சீலையைப் பிடிக்கத் தாவியபோது அதுதான் அவரைப் பிடித்தது. தலையைச் சுற்றி மூன்று சுற்று.

அந்த நேரம் பார்த்துக் காற்று படிக்கட்டுக் கதவை அறைந்து சாத்தியது. உள்பக்கத் தாழ்ப்பாள் 'டொக்' என்று விழுந்த சத்தம் திரைச்சீலை வழியாகவும் தெளிவாகக் கேட்டது.

கத்தினார். வாயில் கிளிப்பு. கிளிப்பைத் துப்பிவிட்டுக் கத்தினார். கதவை யானையால் தட்டினார். பஞ்சு யானை, சத்தம் வரவில்லை. முதல் துளி மூக்கில் விழுந்தது. ஏழு வருடமாகக் காற்றை முகர்ந்துவந்த மூக்குக்கு மழையோடு அதுதான் முதல் நேர்முக அறிமுகம். இரண்டாவது துளி எங்கே விழுந்தது என்று சொல்ல முடியாது. அது மற்ற எல்லாத் துளிகளோடும் சேர்ந்து வந்தது.

மெத்தைமேல் நாற்காலிகளைக் கவிழ்த்து அடுக்கிப் பார்த்தார். நாற்காலிக்கு நாலு காலும் நடுவில் ஒரு ஓட்டையும் உண்டு என்பதை மழை அவருக்குக் காட்டியது.

கதவு திறந்து, துணி போட்டவர்களெல்லாம் மேலே ஓடி வந்தபோது, மொட்டை மாடியின் நடுவில் வெள்ளைத் துணி சுற்றிய ஓர் உருவம், யானையை அணைத்துக்கொண்டு, மெத்தைமேல் உட்கார்ந்திருந்தது.

*

ஐந்தரைக்குக் கூட்டம் கார் ஷெட்டில் நடந்தது. நாற்காலிகள் மாடியில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்ததால் எல்லோரும் நின்றார்கள். அவரவர் கையில் அவரவர் ஈரம். தையல்கார அம்மாள் ஒரு திரைச்சீலையைப் பிழிந்துகொண்டே இருந்தாள். அதிலிருந்து தண்ணீர் வருவது நின்ற பிறகும் பிழிந்தாள்.

செயலாளரின் மனைவி அவள் காதருகே போய், ஹாலில் கயிறு கட்டியிருப்பதையும், தன் துணியெல்லாம் காய்ந்துவிட்டதையும், மின்விசிறியை வேகமாக வைத்தால் விடிவதற்குள் ஆறு திரையும் சரியாகிவிடும் என்பதையும் சொன்னாள். "நான் காலையில எழுதினதை மட்டும்தான் பார்த்தேன், அதுக்கப்புறம் கீழே இறங்கவே இல்ல" என்றாள். அம்மாள் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

செயலாளர் பேச எழுந்தார். எல்லோருமே நின்றுகொண்டிருந்ததால் அது யாருக்கும் தெரியவில்லை. தொண்டையைக் கனைத்தார். தலையிலிருந்து சொட்டிய தண்ணீரைத் துடைத்தார். உள்ளுக்குள் அவருக்கு ஒரு பெருமிதம் பொங்கிக்கொண்டிருந்தது. என்ன இருந்தாலும் வந்துவிட்டதல்லவா?

"நான் எழுதினேன். பெரிசா எழுதினேன். ஆளனுப்பிச் சொன்னேன். மழை நிச்சயம்னேன், வந்தது. பலகை பொய் சொல்லல. இதுக்கு மேல நான் எதுவும் சொல்ல விரும்பல."

சொல்லிவிட்டு மேலும் ஏழு நிமிடம் பேசினார்.

யாரும் கை தட்டவில்லை. போன்காரன் மட்டும் முன்னால் வந்தான். அவன் சட்டை மொரமொரவென்று காய்ந்திருந்தது. "நான் எண்பது சதவீதத்தை மட்டும் நம்பியிருந்தா யோசிச்சிருப்பேன். சார் நிச்சயம்னு எழுதினதாலதான் துணியை எடுத்தேன். என் மனுவை வாபஸ் வாங்கிக்கறேன்" என்றான். மொத்தக் கட்டடமும் அவனைப் பரிதாபமாகப் பார்த்தது. ஆறு மாதக் குடித்தனம், பாவம், யாரும் அவனிடம் எதையும் சொல்லியிருக்கவில்லை.

வாத்தியார் தீர்மானத்தை வாக்கெடுப்புக்கு விட்டார். பலகை இருக்க வேண்டும் என்பவர்கள் கை தூக்கலாம். பதினாறு வீட்டுக் கையும் உயர்ந்தது. பிழிந்துகொண்டிருந்த கையும் உயர்ந்தது. செயலாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். இந்த முறை அது மழைத் தண்ணீர் இல்லை.

"ஆனா மூணு நிபந்தனை" என்றார் வாத்தியார், கணக்குப் பாடம் எடுக்கும் குரலில். "ஒண்ணு, இதுவரைக்கும் மாதிரியே காலை ஆறரைக்கு செயலாளர்தான் தன் கையால எழுதணும். வேற யாரும் எழுதக் கூடாது. ரெண்டு, எழுதினதை அன்னிக்குப் பூரா யாரும் தொடக் கூடாது, செயலாளர் உட்பட. சாக்பீஸ் வாட்ச்மேன்கிட்ட இருக்கும். மூணு, வேலை நாள்ல செயலாளர் லீவு எடுக்கக் கூடாது."

மூன்றும் ஏகமனதாக நிறைவேறின. செயலாளரின் மனைவி இரண்டு கையையும் தூக்கியிருந்தாள்.

கூட்டம் கலைந்தது. யாரோ டீ போட்டுக் கொண்டுவந்தார்கள். வாத்தியாரும் அவர் மனைவியும் இன்றைக்குத் தரையில் படுத்தால் இடுப்புக்கு நல்லது என்று ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டு போனார்கள். மழை நிதானமாக, அவசரமில்லாமல், தெருவைக் கழுவிக்கொண்டிருந்தது. பஞ்சு யானை கேட்டின் கம்பியில் ஒரு காதால் தொங்கியது.

செயலாளர் சட்டைப்பையிலிருந்து நனைந்த சாக்பீஸையும் கூடவே பதினொரு கிளிப்பையும் எடுத்து வாட்ச்மேனிடம் கொடுத்தார். வெற்றி வெற்றிதான், ஆனால் எங்கேயோ ஒரு முள். பலகையில் 'இன்று மழை நிச்சயம்' என்பது சாரலில் லேசாகக் கரைந்து, அப்போதும் கம்பீரமாக இருந்தது.

"எனக்கு ஒண்ணு மட்டும் புரியலப்பா. மழை வரும்னு எழுதினேன், மழை வந்தது. அதுல என்ன தப்பு?"

வாட்ச்மேன் தொப்பியைக் கழற்றிப் பிழிந்தார். சாக்பீஸைப் பத்திரமாக உள்பாக்கெட்டில் வைத்தார்.

"அதுதான் சார் தப்பு. ஏழு வருஷமா நீங்க எழுதினது ஒரு நாள்கூட நடந்ததில்ல. அதை நம்பித்தான் சார் இந்தக் கட்டடமே துணி காயப் போடுது."